பாதரின் மடியில் கொட்டிய தேநீர்

கனடாவில், மொன்றியலில் எனக்கு மூன்று சாப்பாட்டுக் கடைகள் இருக்கின்றன. சனிக்கிழமைகளில் மூன்றிலும் வாசலுக்கு வெளியே வரிசை நிற்கும். கர்க்லாண்டில் வீடு, பின்வளவில் நானே நட்ட அப்பிள் மரம். ஒன்பதாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவன் இதையெல்லாம் எப்படிச் சாதித்தான் என்று கேட்பவர்களுக்கு ஞாபகசக்தி என்று ஒரே சொல்லில் பதில் சொல்லிவிடுவேன். எனக்கு ஒருமுறை கேட்டால் போதும். எந்த வாடிக்கையாளர் எவ்வளவு உறைப்புச் சாப்பிடுவார், யாருடைய மகளுக்கு எப்போது கலியாணம், எல்லாம் தலைக்குள் இருக்கும். என் மனைவி இதைப் புளுகு என்பாள். புளுகுதான். ஆனால் ஆதாரம் உள்ள புளுகு. அந்த ஆதாரத்தைத்தான் இங்கே எழுதப் போகிறேன்.

எண்பத்துமூன்று ஆடிக் கலவரத்தில் கொழும்பு வீட்டை இழந்து, யாழ்ப்பாணம் போய், அங்கிருந்து நாங்கள் இங்கே வந்து இறங்கியபோது எனக்குப் பதினொரு வயது. அம்மாவின் தம்பி, அதாவது என் மாமா, எங்களுக்கு முன்னமே வந்து கோட்-டே-நேஜ் பகுதியில் ஒரு பழைய கட்டடத்தில் இடம் பிடித்து வைத்திருந்தார். இரண்டாம் மாடி. அப்பா, அம்மா, அக்கா, மாமா, நான். ஆறாவது ஆளாக, முன்னறைச் சுவரில் ஊரிலிருந்து அம்மா மடியில் வைத்துக் கொண்டுவந்த பிள்ளையார் படம்.

எங்களுக்கு நேர் கீழே ஒரு மடாம் இருந்தார். ஐம்பது வயது இருக்கும். வீட்டிலேயே உடுப்புத் தைத்துக் கொடுப்பவர், தனி ஆள். அவர் யூத ஆள் என்று மாமா சொன்னார். அதற்கு என்ன அர்த்தம் என்று மாமாவுக்கும் தெரியாது. அவருடைய வாசல் நிலையில் விரலளவு சின்னப் பேழை ஒன்று சரிவாக அறைந்திருந்தது. கண்ணூறு படாமல் இருக்கத்தான் என்று அம்மா கண்டுபிடித்தார். வெள்ளிக்கிழமை பொழுதுபடும் நேரம் மடாமின் யன்னலில் இரண்டு மெழுகுதிரி எரியும். அம்மாவும் வெள்ளிக்கிழமைதான் விளக்கேற்றுவார். ஆகவே மடாம் எங்களுடைய ஆள்தான் என்று அம்மா முடிவெடுத்துவிட்டார். அந்த முடிவை அவர் பிறகு ஒருநாளும் மாற்றவில்லை.

என்னைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்கக் கூட்டிப் போனது மாமா. எங்கள் தெரு முனையிலேயே ஒரு கத்தோலிக்கப் பள்ளிக்கூடம் இருந்தது. மத்தியானம் சூடான சாப்பாடு கொடுப்பார்கள். அதை விட்டால் அந்தப் பனிக்குள் இரண்டு பஸ் மாறித்தான் போக வேண்டும். மாமாவோடு உணவகத்தில் தட்டுக் கழுவிய ஒருவர், கத்தோலிக்கப் பிள்ளைகளை மட்டும்தான் அங்கே எடுப்பார்கள் என்று சொல்லியிருந்தார். அந்த மனிதர் தன் வாழ்நாளில் ஒரு விஷயத்தையும் சரியாகச் சொன்னதில்லை என்பது எங்களுக்குப் பிந்தித்தான் தெரிய வந்தது. அலுவலகத்தில் இருந்த பெண் என்ன சமயம் என்று கேட்டாள். மாமா கண்ணிமைக்காமல் கத்தோலிக் என்றார். பிள்ளையை வீட்டில் எப்படிக் கூப்பிடுவீர்கள் என்று கேட்டாள். ஜோசப் என்றார்.

அம்மா அன்றைக்குச் சாப்பிடவில்லை.

"பிள்ளையார் கோவிக்கமாட்டார் அக்கா," என்றார் மாமா. "அவருக்கும் இந்தக் குளிர் தெரியும்தானே. உன்ர மகன் விறைச்சுப் போறதை அவர் விரும்புவாரே?"

"நீ அவரோட கதைச்சனியோ?"

"கதைச்சனான். ஓம் எண்டு சொல்லிப்போட்டார்."

நான் ஜோசப்பாக மூன்று மாதம் போய் வந்தேன். சூடான சாப்பாடு உண்மையாகவே சூடாக இருந்தது. தைமாதம் பிறந்த கையோடு ஒருநாள் ஆசிரியை என்னைக் கூப்பிட்டு, முதல் நன்மை, அதாவது முதன்முதலாகத் தேவ அப்பம், எடுக்கப் போகும் பிள்ளைகளின் வீடுகளுக்குப் பாதர் வருகிறார், அடுத்த வியாழக்கிழமை பின்னேரம் உன் வீட்டுக்கு வருவார், நீ செபம் சொல்லிக் காட்ட வேண்டும் என்றார். நான் அதை வீட்டில் வந்து சொன்னதும் மாமா கதிரையில் இருந்துவிட்டார். எங்கள் அகதி வழக்கு அப்போது முடிவாகவில்லை.

"எங்கட கேஸ் அவங்கட மேசையில கிடக்குது," என்றார் கடைசியில். "இதில ஒரு பொய் பிடிபட்டா, மற்றதெல்லாம் பொய் எண்டுதான் நினைப்பாங்கள். அஞ்சு பேரையும் பிளேனில ஏத்திவிடுவாங்கள்."

அப்பா எழும்பினார். கொழும்பில் எங்கள் வீடு எரிந்ததைத் தெருவில் நின்று பார்த்தவர் அவர். திரும்பிப் போவது என்ற பேச்சு வந்தால் எழும்பி மற்ற அறைக்குப் போய்விடுவார்.

ஆக, அந்தக் குடும்பத்தின் தலைவிதி முழுவதும் என் நாக்கில் வந்து குந்தியது. நான் பயந்தேன் என்று எழுதினால் அது பொய். எனக்குப் புளுகம், சந்தோசம் தாங்கவில்லை.

அக்கா ஊரில் கன்னியர் மடத்துப் பள்ளிக்கூடத்தில் படித்தவள், பிரெஞ்சும் அங்கேயே ஒரு கன்னியரிடம் படித்திருந்தாள். எப்படிச் சிலுவை போடுவது, எங்கே முழங்காலில் நிற்பது எல்லாம் அவளுக்குத் தெரியும். பிரெஞ்சுச் செபத்தை என் வகுப்புப் பிள்ளை ஒருத்தியிடம் கேட்டு, தமிழ் எழுத்தில் எழுதி, எனக்குப் பாடமாக்கினாள். ஒரு கிழமைதான், ஏழே நாள். எங்கள் பிதாவே என்பதும் அருள் நிறைந்த மரியே என்பதும் ஒரு சொல் பிசகாமல் என் வாயில் வந்தன. அர்த்தம் தெரியாது. அர்த்தம் தெரியாததை இவ்வளவு சுத்தமாகச் சொல்லக்கூடிய பிள்ளை அந்த நாளில் மொன்றியலில் வேறு இருந்திருக்க முடியாது.

வியாழக்கிழமை மத்தியானம் அடுத்த சிக்கல் வந்தது. பிள்ளையாரை எங்கே வைப்பது? அலுமாரிக்குள் வைக்கலாம் என்றார் மாமா. சப்பாத்து இருக்கிற அலுமாரிக்குள் பிள்ளையாரை வைக்க அம்மா சம்மதிக்கவில்லை. கட்டிலுக்குக் கீழேயும் கூடாது. நிலக்கீழ் அறையில் எலி. கடைசியில் அம்மாவே வழி சொன்னார்.

"கீழ வீட்டு மனிசியிட்டக் குடுப்பம். அவவும் வெள்ளிக்கிழமைக்காரிதானே."

பிள்ளையார், முருகன், லட்சுமி, குத்துவிளக்கு, திருநீற்றுத் தட்டு, எல்லாவற்றையும் உடுப்புக் கூடைக்குள் வைத்து மேலே துவாய் போட்டு மூடினோம். மாமா கூடையைத் தூக்க, அம்மாவும் அக்காவும் நானும் பின்னால் இறங்கினோம். ஒரு யூதப் பெண்ணின் வீட்டில் சாமிப் படங்களை அடைக்கலம் வைக்கப் போன முதல் சைவக்குடும்பம் நாங்களாகத்தான் இருப்போம். அவர்களுடைய சமயத்தில் உருவ வழிபாடே ஆகாது என்பது எங்களுக்கு யார் சொல்லித் தெரியும்?

மடாம் கதவைத் திறந்தார். மாமா துவாயை விலக்கிக் காட்டித் தன் தட்டுக்கழுவும் இங்கிலீசில் ஏதோ சொன்னார். மடாம் பிள்ளையாரைப் பார்த்தார். பிறகு எங்கள் ஒவ்வொருவருடைய முகத்தையும் பார்த்தார். ஏன் என்று கேட்கவே இல்லை. அவர் கேட்டது வேறு.

"யார் வருகிறார்கள்?"

பாதர் என்று அக்கா பிரெஞ்சில் சொன்னாள். சிறுவனை ஜோசப் என்று சேர்த்திருக்கிறோம், செபம் கேட்க வருகிறார் என்றாள். மடாமின் முகம் வெளிறிப் போனது. கூடையை வாங்கிக்கொண்டு போய்ப் படுக்கையறை அலுமாரியைத் திறந்து, தன் குளிர்கோட்டுகளுக்குப் பின்னால் எங்கள் தெய்வங்களை ஒவ்வொன்றாக நிறுத்தி வைத்துப் பூட்டி, திறப்பை மார்புச் சட்டைக்குள் போட்டார். பிறகு யாரும் கூப்பிடாமலே எங்களுக்கு முன்னால் படி ஏறினார்.

மேலே வந்து அவர் செய்த வேலையை நான் இன்றைக்கும் நினைத்து வியக்கிறேன். பெரிய உணவகங்களைச் சோதிக்க வரும் அதிகாரிகளை எத்தனையோ பார்த்துவிட்டேன், அந்தக் கண் ஒருவருக்கும் கிடையாது. பிள்ளையார் இருந்த இடத்தில் சுவர் வெளுத்துச் சதுரமாகத் தெரிந்தது. "படத்தைக் கழற்றினால் சுவர் சொல்லிவிடும்," என்று அதே அளவில் ஒரு கலண்டரைத் தேடி எடுத்து அந்த இடத்தில் மாட்டினார். மாமா வாங்கி வந்த சிலுவையில் கடை ஒட்டிய விலைத்துண்டு இருந்தது. அதைச் சுரண்டி எடுத்து, பளபளப்பு மங்கும்வரை தேயிலைச் சக்கையால் தேய்த்தார். கற்பூர மணம் போக வெங்காயம் வதக்கச் சொன்னார். அம்மா அதற்கு முன்னமே இறைச்சிக் கறியை மாவில் சுற்றி எங்களூர் ரோல்ஸ் பொரிக்கத் தொடங்கியிருந்தார்.

"இவவுக்கு இதெல்லாம் எப்பிடித் தெரியும்?" என்று மாமா அக்காவின் காதுக்குள் கேட்டார்.

"தையல்காரிதானே. கண் கூர்மை," என்றாள் அக்கா.

கடைசியாக மடாம் என்னை முன்னால் நிறுத்திச் செபத்தைச் சொல்லச் சொன்னார். நான் நெஞ்சை நிமிர்த்தி, மூச்சு விடாமல், தொடக்கத்திலிருந்து முடிவுவரை சொல்லி முடித்தேன். கைதட்டுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் தலையை ஆட்டினார். அப்படி இல்லை என்றார். நடுவில் ஒரு இடத்தில் மறந்து நில். காலைச் சொறி. யன்னலுக்கு வெளியே பார். பிறந்ததிலிருந்து இதைச் சொல்லும் பிள்ளை பந்து விளையாட்டை நினைத்துக்கொண்டுதான் சொல்லும். நீ பிழைவிட வேண்டும் என்றார்.

அக்கா மொழிபெயர்த்ததும் எனக்கு வந்த கோபத்தை என்னவென்று சொல்ல? ஒரு கிழமை பாடுபட்டுப் பாடமாக்கியவனைப் பிழைவிடச் சொல்வதா? மனிசிக்கு விசர் என்று மனதுக்குள் தீர்மானித்துவிட்டு, வெளியே நல்ல பிள்ளையாகத் தலையாட்டினேன்.

லொங்குய்யில் அலுவலகங்கள் கூட்டித் துடைக்கும் வேலையை முடித்துவிட்டு அப்பா மெட்ரோவில் வந்து சேர்ந்தார். முகத்தை நல்லாக் கழுவுங்கோ என்று அம்மா அவரிடம் மட்டும் மூன்று தடவை சொன்னார். அப்பா போய்க் கழுவினார். நன்றாகத்தான் கழுவினார். அதற்குள் கதவு தட்டப்பட்டது.

பாதர் பெரிய உருவம். வெள்ளைத் தலை, சிவந்த கன்னம். சப்பாத்தைக் கழற்றி வைத்துவிட்டு, போன்ஜூர், போன்ஜூர் என்று ஒவ்வொருவருக்கும் கைகொடுத்தார். மடாமைக் கண்டதும் கொஞ்சம் யோசித்துவிட்டு அவருக்கும் கைகொடுத்தார். அம்மா ரோல்ஸ் தட்டை நீட்டினார். பாதர் ஒன்றை எடுத்துக் கடித்தார். கண்ணை மூடினார். இன்னொன்று எடுத்தார். இந்த நகரத்தில் எங்கள் ரோல்ஸுக்குக் கிடைத்த முதல் வெள்ளைக்கார ரசிகர் அவர்தான். இன்றைக்கு என் மூன்று கடைகளிலும் போகும் ரோல்ஸ் அதே அம்மாவின் கைப்பக்குவம் என்பதையும் இங்கே சொல்லி வைக்கிறேன்.

"சரி, ஜோசப்," என்றார் பாதர்.

நான் எழுந்து நின்றேன். மடாம் தேநீர்த் தட்டைப் பிடித்தபடி பாதருக்குப் பக்கத்தில் நின்றார். நடுவில் நிறுத்து என்று கண்ணால் சொன்னார். நான் நிறுத்தவில்லை. காலைச் சொறியவில்லை. யன்னல் பக்கம் திரும்பவே இல்லை. மடாமுக்கு முன்னால் சொன்னதைவிட உரத்து, மணியடித்தது மாதிரி இரண்டு செபத்தையும் சொல்லி முடித்து, சிலுவை போட்டு, கையைக் கட்டிக்கொண்டு நின்றேன்.

பாதர் ரோல்ஸைக் கீழே வைத்துவிட்டுக் கைதட்டினார். எங்கள் தேவாலயத்துப் பிள்ளைகள் ஒருவரும் இப்படிச் சொல்வதில்லை என்றார். பிறகு முன்னால் குனிந்து என் கன்னத்தைத் தொட்டுச் சிரித்தபடி கேட்டார்:

"இவ்வளவு நன்றாக உனக்கு யார் சொல்லித் தந்தது?"

என் அக்கா, ஒரே கிழமையில் என்பதுதான் பதில். பிரெஞ்சில் அதைச் சொல்ல எனக்குத் தெரியும். சொல்வதற்கு வாயைத் திறந்தும்விட்டேன். அக்கா என்ற முதல் சொல் பாதிதான் வந்தது. தட்டிலிருந்த சுடச்சுடத் தேநீர், கோப்பையும் சாடியுமாக, பாதரின் மடியில் கவிழ்ந்தது.

பாதர் துள்ளி எழுந்தார். அம்மா ஐயோ என்று தலையில் கை வைத்தார். மாமா கையில் அகப்பட்ட துவாயால் பாதரைத் துடைக்கப் போய், எங்கே துடைப்பது என்று தெரியாமல் நின்றார். அந்த அமளிக்குள் மடாம் என் தோளைப் பிடித்து இழுத்துத் தன்னோடு அணைத்துக்கொண்டார். நகம் சட்டைக்கு மேலால் தோலில் இறங்கியது. என்னைப் பிடித்தபடியே, நல்ல பிரெஞ்சில், தொட்டிலில் கிடந்த நாளிலிருந்து இவனுக்குத் தாய்தான் சொல்லிக் கொடுத்தாள் என்று பாதருக்குச் சொன்னார். அம்மாவுக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. ஆனாலும் எல்லாவற்றுக்கும் ஓம் என்ற அர்த்தத்தில் வீ, வீ என்று தலையாட்டினார்.

பாதர் மெல்லக் கதிரையில் இருந்தார். காற்சட்டையைப் பார்த்தார். பிறகு மூலையில் நின்ற அப்பாவைப் பார்த்தார். அப்போதுதான் நாங்களும் அப்பாவைப் பார்த்தோம். முகம் கழுவினால் திருநீறு பூசாமல் அப்பாவின் கை நிற்காது. சட்டைப்பையில் மடித்து வைத்திருந்த பொட்டலத்தை எடுத்து மூன்று விரலால் பளிச்சென்று பூசிக்கொண்டு வந்து நின்றார்.

"நாங்கள் நெற்றியில் சாம்பல் பூசும் புதன் வர இன்னும் நாள் கிடக்கிறதே," என்றார் பாதர். "உங்கள் வீட்டுக்கு முன்னமே வந்துவிட்டது போல."

பாதர் மூன்றாவது ரோல்ஸை எடுத்தார். சாப்பிட்டுக்கொண்டே அக்காவிடம் ஆறுதலாகச் சொன்னார். எங்கள் பள்ளிக்கூடம் எல்லாப் பிள்ளைகளையும் எடுக்கும். செபம் படிக்காத பிள்ளைகளுக்கு வேறு வகுப்பு இருக்கிறது. யாரும் ஜோசப்பாக இருக்க வேண்டிய தேவை இல்லை. திங்கட்கிழமை மாமாவை வந்து பெயரைத் திருத்தச் சொல். இதையெல்லாம் அக்கா தமிழில் சொன்னபோது அம்மா கதிரையைப் பிடித்துக்கொண்டு அழுதார். மாமா சிரிக்கத் தொடங்கினார். அப்பாவும் சிரித்தார். இந்த நாட்டுக்கு வந்த பிறகு அப்பா சிரித்ததை நான் கண்டது அன்றைக்குத்தான். பாதர் மிச்ச ரோல்ஸைக் கடதாசியில் சுற்றி வாங்கிக்கொண்டு, நனைந்த காற்சட்டையோடு பனிக்குள் இறங்கிப் போனார்.

சிரிக்காத ஆள் மடாம்தான். படிக்கட்டில் போய் இருந்துவிட்டார். கொஞ்ச நேரத்தில் கீழே போய்த் தெய்வங்களைக் கொண்டுவந்தார். பிள்ளையாரைத் தன் கம்பளிச் சால்வையால் சுற்றியிருந்தார். குளிர்ப்பிடிக்கக் கூடாதென்றுதான் என்று அம்மா இன்றைக்கும் சொல்வார். அடுத்த கிழமை மடாம் பாதருக்குப் புதுக் காற்சட்டை தைத்துக் கொடுத்தார். அதற்குப் பிறகு பாதரின் உடுப்பெல்லாம் அவர்தான் தைத்தார், ஒரு சதமும் வாங்கவில்லை.

எனக்கு மட்டும் ஆறவில்லை. பாதர் கைதட்டியது எனக்கு. அடுத்த நிமிடம் எல்லோரும் பார்த்தது தேநீரை.

என் முதல் கடையைத் திறந்த நாளில் மடாமைக் காரில் ஏற்றிக்கொண்டு வந்தேன். அப்போது அவருக்கு வயதாகிவிட்டது. மரக்கறி ரோல்ஸ்தான் சாப்பிடுவார், அவருக்கென்று தனியாகப் பொரித்தோம். கடை நிறையச் சனம். நான் வழக்கம்போலத் தொடங்கினேன். பதினொரு வயதில் பிரெஞ்சுச் செபத்தை ஒரு கிழமையில் பாடமாக்கிப் பாதரையே கைதட்ட வைத்தவன் நான் என்று சொல்லி, மடாமைக் காட்டி, சாட்சி இருக்கிறார், தேநீர் ஊற்றி என்னைக் கெடுத்தவர் என்றேன். எல்லோரும் சிரித்தார்கள். மடாமும் சிரித்தார். சனம் குறைந்த பிறகு என்னைப் பக்கத்தில் இருத்தி, தேநீர் தவறி விழவில்லை என்று சொன்னார்.

அவர் பிறந்தது பெல்ஜியத்தில். ஜெர்மன்காரர் வந்து யூதர்களைத் தேடித் தேடிப் பிடித்து ரயிலேற்றிய காலத்தில் அவருக்கு என் வயதுதான், பதினொன்று. ஆறு வயதில் ஒரு தம்பி. மடாமின் வாசலில் நாங்கள் கண்டது மாதிரி அங்கேயும் நிலையில் இருந்த, யூத வீடு என்று காட்டும் சின்னப் பேழையைத் தகப்பன் கழற்றிவிட்டு, அது இருந்த அடையாளத்துக்கு மேல் வர்ணம் பூசினாராம். பிறகு பிள்ளைகள் இருவருக்கும் கத்தோலிக்கப் பெயர் வைத்து, அக்காவான மடாமைக் கன்னியர் மடத்திலும் தம்பியைக் குருக்கள் நடத்திய ஆண்பிள்ளைகள் விடுதியிலும் ஒளித்தார்கள். பிரிவதற்கு முந்தின நாட்களில் செபத்தைத் தம்பிக்கு அக்கா பாடமாக்கினார். கெட்டிக்காரன், உடனே பிடித்துக்கொண்டான் என்றார் மடாம். உன்னை மாதிரி என்றார்.

விடுதிக்கு ஆட்கள் சோதனைக்கு வந்தார்கள். ஒவ்வொரு பிள்ளையாகச் செபம் சொல்ல வைத்தார்கள். மற்றப் பிள்ளைகள் விழுங்கி விழுங்கிச் சொன்னார்கள். தம்பி ஒரு சொல் பிசகாமல் சொன்னான். வந்த அதிகாரி கைதட்டி, கன்னத்தைத் தட்டி, இவ்வளவு நன்றாக யார் சொல்லித் தந்தது என்று கேட்டான். என் அக்கா, ஒரு கிழமையில் என்று தம்பி பெருமையாகச் சொன்னான். ஒரு கிழமைக்கு முன்னம் செபம் தெரியாத பிள்ளை கத்தோலிக்கப் பிள்ளையாக இருக்க முடியாதே. அக்கா எங்கே என்று கேட்டார்கள். அந்த இடத்தில் அவனுக்கு விளங்கிவிட்டது. எனக்கு அக்கா இல்லை என்றான். பிறகு எத்தனை தடவை கேட்டும், எப்படிக் கேட்டும், எனக்கு அக்கா இல்லை என்றே சொன்னான். அங்கே சமைத்த ஒரு பெண் சண்டை முடிந்த பிறகு மடாமைத் தேடி வந்து இதைச் சொன்னாளாம். தம்பி திரும்பி வரவில்லை. கன்னியர்கள் கடைசிவரை மடாமைக் காப்பாற்றி வைத்திருந்தார்கள்.

"உங்கள் பாதர் நல்ல மனிதர் என்று எனக்குத் தெரியும்," என்றார் மடாம். "என் கைக்குத் தெரியவில்லை."

மடாம் இப்போது இல்லை. என் மூன்று கடைகளிலும் வரும் எவரிடமும் நான் இதைச் சொல்வேன். இந்த நகரத்தில் எத்தனையோ பெரிய ஆட்கள் இருக்கலாம், ஒரு பாதரின் மடியில் கொதிக்கும் தேநீரை ஊற்றிக் காப்பாற்றப்பட்டவன் நான் ஒருவன்தான். அந்தத் தேநீர் எனக்கும் என் அக்காவுக்கும் சேர்த்து ஊற்றப்பட்டது. அக்கா இன்றைக்கும் அஹுன்ட்சிக்கில் என்னைவிட உரத்துக் கதைத்துக்கொண்டு சுகமாக இருக்கிறாள்.

பாதர் வந்து போன அன்று இரவு அக்கா என் சட்டையைக் கழற்றி, தோளில் பதிந்திருந்த நகத்தடத்துக்கு எண்ணெய் பூசினாள். கீழ் வீட்டு மனிசிக்கு என்னில் பொறாமை என்று நான் அவளுக்குச் சொன்னேன். இருக்கும் என்றாள் அக்கா. எனக்கு வலித்தது தோள் அல்ல. அவ்வளவு நல்ல கேள்வியை ஒருவர் கேட்டும், பதிலைச் சொல்ல விடாமல் செய்துவிட்டார்களே என்பதுதான்.